சாம்புவுக்குப் பிறகு யார்?

தமிழில் சிரிக்க வைக்கும் துப்பறிவாளர் யார் என்று கேட்டால், தாத்தாவும் பேரனும் ஒரே பெயரைத்தான் சொல்வார்கள்: சாம்பு. நாற்பதுகளில் தேவன் ஆனந்த விகடனில் உலவவிட்ட பாத்திரம். எண்பது ஆண்டுகள் ஓடிவிட்டன. அந்த நாற்காலியில் இன்னொருவர் வந்து அழுத்தமாக உட்காரவில்லை. சினிமாவில் அவ்வப்போது யாராவது எட்டிப் பார்த்திருக்கிறார்கள். தொலைக்காட்சியில், வாரம் ஒரு வழக்கு, அரை மணி நேரம், அதே அசட்டு முகம், அதே பழக்க வழக்கம் என்று வீட்டோடு ஒட்டிக்கொண்ட ஒரு துப்பறிவாளர் தமிழில் ஏன் நிலைக்கவில்லை என்பதுதான் இந்தக் கட்டுரையின் கேள்வி.

கோயமுத்தூரில் இருந்துகொண்டு இதைக் கேட்கும்போது கேள்வி இன்னும் உறைக்கிறது. க்ரைம் நாவலை மாதச் சந்தா போலத் தமிழ்நாட்டுக்குப் பழக்கிய ராஜேஷ்குமார் இந்த ஊர்க்காரர். துப்பறியும் படங்களுக்குப் பேர்போன மாடர்ன் தியேட்டர்ஸ் சேலத்தில் இருந்தது. சிரிப்புப் பக்கம் திரும்பினால் நாகேஷ் தாராபுரம், கவுண்டமணி உடுமலைப்பேட்டைப் பக்கம் வல்லகுண்டபுரம், பாக்யராஜ் கோபிப் பக்கம் வெள்ளாங்கோயில், மணிவண்ணன் சூலூர், கோவை சரளாவுக்குப் பெயரிலேயே ஊர் இருக்கிறது. மர்மம் எழுதத் தெரிந்தவர்களும் சிரிக்க வைக்கத் தெரிந்தவர்களும் நூறு, நூற்றைம்பது கிலோமீட்டர் வட்டத்துக்குள் பிறந்திருக்கிறார்கள். இரண்டும் ஒரே ஆளிடம் கூடி ஒரு துப்பறிவாளர் பிறக்கவில்லை.

சாம்புவிலிருந்தே ஆரம்பிக்கலாம். அவருக்கு முன்னால் தமிழில் துப்பறிந்தவர்கள் எல்லாம் மகா கெட்டிக்காரர்கள். ஜே.ஆர். ரங்கராஜுவின் கோவிந்தன், ஆரணி குப்புசாமி முதலியாரின் ஆனந்தசிங், வடுவூர் துரைசாமி ஐயங்காரின் திகம்பர சாமியார் ஆகியோர் பார்த்த மாத்திரத்தில் ஆளை எடை போடுவார்கள், வேடம் கட்டுவார்கள், கடைசி அத்தியாயத்தில் எல்லோரையும் உட்காரவைத்து விளக்குவார்கள். தேவன் இந்த மரபையே கிண்டல் செய்தார். அவருடைய சாம்பு ஒரு வங்கி குமாஸ்தா. நாற்பது வயது, பெரிய மூக்கு, ஒன்றும் ஏறாத மண்டை. மனைவி வேம்பு. சாம்பு எதையும் கண்டுபிடிப்பதில்லை. தடுக்கி விழுவார், விழுந்த இடத்தில் திருடன் இருப்பான். சம்பந்தமில்லாமல் ஒரு வார்த்தை உளறுவார், குற்றவாளி தன்னைத்தான் சொல்கிறார் என்று நடுங்கி உண்மையைக் கக்கிவிடுவான். இன்ஸ்பெக்டர் கோபாலன் அதை மேதைமை என்று எடுத்துக்கொள்வார். சாம்புவுக்குத் தான் என்ன செய்தோம் என்பதே கடைசிவரை தெரியாது. அந்தத் தெரியாமையை வாசகர் மட்டும் முழுசாகப் பார்த்துக்கொண்டிருப்பார். கோபுலு இந்தக் கதைகளைப் படக்கதையாக வரைந்தபோது அந்த முகத்துக்கு ஒரு நிரந்தர வடிவம் கிடைத்துவிட்டது. மேடையில் சாம்புவாக நடித்த நடராஜனுக்கு அந்தப் பெயரே பட்டமாக ஒட்டிக்கொண்டது. பிறகு தூர்தர்ஷனில் தொடராக வந்தபோது காத்தாடி ராமமூர்த்தி சாம்பு ஆனார்.

காத்தாடி சரியான தேர்வு. நாடக மேடையில் அவருடைய பலம், எதுவும் புரியாதவர் போல நிற்கிற நிற்பு. ஆனால் அச்சில் இருந்த ஒன்று திரைக்கு வரும்போது தேய்ந்துபோவதைச் சொல்லத்தான் வேண்டும். தேவனின் சிரிப்பில் பாதி, சொல்பவரின் குரலில் இருக்கிறது. சாம்பு என்ன நினைக்கிறார், ஊர் என்ன நினைக்கிறது, நடந்தது என்ன என்று மூன்றையும் அந்தக் குரல் ஒரே வாக்கியத்தில் வைத்துவிடும். காமிராவுக்கு அந்த வசதி இல்லை. விழுவதைக் காட்டலாம். விழுந்தது தற்செயல் என்று சொல்லாமல் காட்டுவதற்கு இயக்குநர் மெனக்கெட வேண்டும்.

அதே தூர்தர்ஷனில், 1985-ல், டில்லியிலிருந்து கரம்சந்த் வந்தார். பங்கஜ் பராஷர் இயக்கம், பங்கஜ் கபூர் நடிப்பு. கறுப்புக் கண்ணாடி, பையிலிருந்து எடுத்துக் கடிக்கும் கேரட், எதைச் சொன்னாலும் வியந்துபோகிற உதவியாளர் கிட்டி, அவளை வாயை மூடச் சொல்லும் ஒரே பதில். கோயமுத்தூர் வீடுகளில் அப்போது தேசிய நிகழ்ச்சி என்றால் இந்திதான். பத்து வீட்டுக்கு ஒரு வீட்டில் டிவி, அதன் முன்னால் திண்ணைவரை கூட்டம், மொழி தெரிந்தவர் யாருமில்லை. ராமாயணத்துக்கு மொழி தேவைப்படவில்லை, கதை தெரியும். கரம்சந்துக்கு எப்படித் தேவைப்படாமல் போனது? கேரட் புரிந்தது. கிட்டியின் முகம் புரிந்தது. கொலையாளி யார் என்று தெரியாமலே சிரித்துவிட்டு எழுந்து போனார்கள். இந்த வகைத் தொடரைப் பற்றி ஒரு முக்கியமான விஷயம் இதில் இருக்கிறது: இது கண்ணால் பார்க்கிற சமாசாரம். இதற்குத் திரும்ப வருகிறேன்.

உலகத்தில் சிரிப்புத் துப்பறிவாளர்கள் பெரும்பாலும் இரண்டு சாதி. ஒருவர் முட்டாள், அதிர்ஷ்டத்தால் ஜெயிப்பவர். 1963-ல் 'தி பிங்க் பேந்தர்' படத்தில் பீட்டர் செல்லர்ஸ் செய்த இன்ஸ்பெக்டர் க்ளூஸோ இந்தச் சாதி. நம் சாம்பு அவருக்கு இருபது வருஷம் மூத்தவர் என்பதை நாம் சத்தமாகச் சொல்லிக்கொள்வதில்லை. இன்னொரு சாதி உண்மையிலேயே கெட்டிக்காரர், பார்த்தால் சிரிப்பு வரும். அமெரிக்கத் தொலைக்காட்சியில் பீட்டர் ஃபால்க் செய்த கொலம்போ கசங்கிய மழைக்கோட்டும் சுருட்டுமாக வந்து, மாளிகைக்காரக் கொலையாளியிடம் தலையைச் சொறிந்துகொண்டு நிற்பார். விடைபெற்று வாசல்வரை போனபின் திரும்பிவந்து இன்னும் ஒரே ஒரு சின்னச் சந்தேகம் கேட்பார். கொலையாளி யார் என்று முதல் காட்சியிலேயே நமக்குத் தெரியும். பிடிபடுகிற விதம்தான் கதை. 2002 முதல் 2009 வரை வந்த 'மங்க்' தொடரில் டோனி ஷலூப் செய்த ஏட்ரியன் மங்க்குக்குக் கிருமி பயம், உயரம் பயம், பால் என்றால்கூடப் பயம். யாரிடமாவது கை குலுக்கினால் உதவியாளர் உடனே துடைக்கிற காகிதத்தை நீட்ட வேண்டும். சாய்ந்திருக்கும் படத்தை நேராக்காமல் பிணத்தைப் பார்க்க முடியாது. அந்தச் சாய்வைக் கவனிக்கிற அதே கண்தான் கொலையாளியின் சட்டைப் பொத்தானையும் கவனிக்கிறது. அவரைப் பார்த்துச் சிரிக்கிற காரணமும் அவரை மெச்சுகிற காரணமும் ஒன்றே. இந்த ஒட்டுதான் கடினமான வேலை. தமிழில் நடக்காததும் இதுவே.

தமிழ் எழுத்தாளர்கள் சிரிப்பை விடவில்லை. அதைத் துப்பறிவாளரிடமிருந்து எடுத்துப் பக்கத்தில் நிற்பவரிடம் கொடுத்துவிட்டார்கள். சுஜாதாவின் கணேஷ் நிதானமானவர், சட்டம் பேசுவார். வசந்த்தான் வாயாடி. வசந்த் சொல்ல ஆரம்பித்து கணேஷ் ஒவ்வொரு முறையும் அடக்கிவிடுகிற மெக்ஸிகோ சலவைக்காரி ஜோக்குக்காகவே தொடர்கதை படித்தவர்கள் உண்டு. அந்த ஜோக் கடைசிவரை வெளியே வரவில்லை. பட்டுக்கோட்டை பிரபாகரின் பரத்–சுசீலாவில் சுசீலாவின் டீ-ஷர்ட் வாசகமே ஒரு பகுதி. கொலை ஒரு பக்கம், கிண்டல் ஒரு பக்கம். ராஜேஷ்குமாரின் விவேக்கும் அப்படித்தான். க்ரைம் பிராஞ்ச் அதிகாரி, அளந்து பேசுவார். 'பாஸ்' என்று கூப்பிட்டுக்கொண்டே பின்னால் வருகிற விஷ்ணு, பெண்களைப் பார்த்தால் ஒரு கமென்ட், பிணத்தைப் பார்த்தால் இன்னொரு கமென்ட் என்று ஓடுவான். விவேக்கின் மனைவி ரூபலா, வீட்டில் காபியும் கேலியுமாக இருப்பார்.

ராஜேஷ்குமார் விஷயத்தில் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். 1980-ல் மாலைமதியில் 'வாடகைக்கு ஓர் உயிர்' முதல் நாவலாக வந்தது. அதற்குப் பிறகு 1,500-க்கும் மேல். மாதநாவல் காலத்தில் ஜி. அசோகன் நடத்திய 'க்ரைம் நாவல்' காந்திபுரம் பஸ் ஸ்டாண்டுக் கடையில் கிளிப் போட்டுத் தொங்கும். பொள்ளாச்சி பஸ் ஏறுகிறவர் வாங்கினால் இறங்குவதற்குள் முடித்துவிடலாம். அவருடைய கட்டுமானம் ஊரறிந்தது: ஒன்று, மூன்று, ஐந்தாம் அத்தியாயங்களில் ஒரு கதை, இரண்டு, நான்கு, ஆறில் சம்பந்தமே இல்லாத இன்னொரு கதை, கடைசியில் இரண்டும் ஒரே புள்ளியில் முட்டும். இந்த இரட்டைத் தண்டவாளத்தில் விஷ்ணுவுக்கு ஒரு வேலை இருக்கிறது. பதற்றத்துக்கு நடுவில் மூச்சு விட இடம் கொடுப்பது. அந்த இடத்தைத் தாண்டி அவனை விடமாட்டார்கள். விஷ்ணு அடித்த ஜோக்கால் வழக்கு திரும்பியது என்று வராது. சிரிப்பு இங்கே துப்பாக மாறுவதில்லை. அது இடைவேளை முறுக்கு.

அவர் நாவல் படமாகவும் ஆனது. 2017-ல் அருண் விஜய் நடித்த 'குற்றம் 23'. செயற்கைக் கருவூட்டல் மையத்தைச் சுற்றிய நேர்த்தியான புலனாய்வு. சிரிப்பு அதில் கிட்டத்தட்ட இல்லை. நாவலில் இருந்த அந்த மூச்சுவிடும் இடத்தைக்கூட வெள்ளித்திரை எடுத்துவிட்டது. இன்றைய இணையத் தொடர்களும் அதே வழியில் போகின்றன. 'சுழல்', 'வதந்தி', 'விலங்கு' மூன்றும் 2022-ல் வந்தன, மூன்றும் நன்றாக எடுக்கப்பட்டவை. மூன்றிலும் போலீஸ்காரர்கள் தூக்கமில்லாத முகத்தோடுதான் நடமாடுகிறார்கள். துப்பறிதல் என்றால் துக்கம் காப்பது என்று நாம் எப்போது முடிவுசெய்தோம் என்று தெரியவில்லை.

முன்பு அப்படி இல்லை. சேலம் ஏற்காடு சாலையில் இன்று முகப்பு வளைவு மட்டும் மிஞ்சி நிற்கிற மாடர்ன் தியேட்டர்ஸில், டி.ஆர். சுந்தரம் 1950-ல் வடுவூராரின் 'திகம்பர சாமியா'ரைப் படமாக்கினார். கதாநாயகன் எம்.என். நம்பியார். பிற்காலத்தில் திரையில் கையைப் பிசைந்துகொண்டே வில்லத்தனம் செய்த அதே நம்பியார், இதில் வேடத்துக்கு மேல் வேடம் மாற்றித் துப்பறிகிறார். அந்த வேடங்களில் ஒரு கொண்டாட்டம் இருந்தது. ஆள் யார் என்று நமக்குத் தெரியும், எதிரே இருப்பவனுக்குத் தெரியாது, அதில் ஒரு சிரிப்பு. அறுபதுகளில் அதே நிறுவனம் ஜெய்சங்கரை வைத்து 'வல்லவன் ஒருவன்', 1970-ல் 'சி.ஐ.டி. சங்கர்' என்று ஜேம்ஸ்பாண்டுப் பக்கம் சாய்ந்தது. துப்பறிபவருக்குக் கோட்டும் துப்பாக்கியும் நடனக்காரியும் கிடைத்தார்கள். சிரிப்புக்குத் தனியாக ஒரு காமெடியனை வேலைக்கு வைத்தார்கள். ஏவி.எம்மின் 'அதே கண்கள்' (1967) மாதிரி திகில் படத்திலும் அதே பிரிவினைதான்: மர்மம் ரவிச்சந்திரனுக்கு, சிரிப்பு நாகேஷுக்கு. நாகேஷின் கண் எதையும் விடாது. அவர் ஒரு அறைக்குள் நுழைந்து சுற்றிப் பார்க்கும்போது அங்கே என்னென்ன இருக்கிறது என்பது நமக்கும் தெரிந்துவிடும். துப்பறிவாளருக்கு வேண்டிய முதல் தகுதி அதுதான். அந்தக் கண்ணைப் பயந்து உருட்டுவதற்கு மட்டுமே பயன்படுத்தினோம்.

பிரிவினையைக் கதாநாயகனின் கௌரவம் நடத்துகிறது என்பது என் எண்ணம். தமிழ் நாயகன் காதலில் அசடாகலாம், அம்மாவிடம் அசடாகலாம், வேலை நேரத்தில் ஆகக்கூடாது. காக்கிச் சட்டைக்கு இது இரட்டிப்பாகப் பொருந்தும். சிரிப்புப் போலீஸ் வேண்டுமென்றால் வடிவேலுவைக் கூப்பிட வேண்டும், 'மருதமலை'யில் என்கவுன்டர் ஏகாம்பரமாக அவர் வருவார், அடிவாங்குவார். அவரிடம் வழக்கை ஒப்படைக்கமாட்டார்கள்.

இந்த விதிக்கு வெளியே நின்ற ஒருவர் பாக்யராஜ். அவருடைய திரை ஆளைக் கொஞ்சம் உற்றுப் பாருங்கள். தடிமனான கண்ணாடி, இழுத்துப் பேசும் குரல், ஊரே ஏமாற்றலாம் என்று நினைக்கிற முகம். உள்ளே எல்லாக் கணக்கும் ஓடிக்கொண்டிருக்கும். எதிராளி தன்னை வென்றுவிட்டதாக நினைக்கிற நேரத்தில் அவர் ஏற்கெனவே இரண்டு படி தாண்டியிருப்பார். இது அப்படியே கொலம்போவின் ஜாதகம். திரைக்கதையிலும் அவர் செய்வது துப்பறியும் கதையின் வேலைதான். முதல் ரீலில் யாரும் கவனிக்காமல் வைத்த ஒரு பொருள், ஒரு பொய், ஒரு பழக்கம், கடைசி ரீலில் வந்து கழுத்தைப் பிடிக்கும். 1981-ல் 'விடியும் வரை காத்திரு' என்று மனைவியைக் கொல்லத் திட்டமிடும் ஒருவனைப் பற்றிய திகில் படம் எடுத்தார். அதே ஆண்டு 'இன்று போய் நாளை வா'. இரண்டு கையும் அவரிடம் இருந்தது. ஒரே படத்தில் இரண்டையும் கோத்து, வெள்ளாங்கோயில்காரர் ஒருவர் பட்டணத்து வழக்கை விசாரிக்கிறார் என்று அவர் ஒரு தொடர் செய்திருந்தால் நான் இந்தக் கட்டுரை எழுதத் தேவையிருந்திருக்காது.

கொங்குப் பேச்சு இதற்கு எவ்வளவு வாகானது என்பதை வெளியூர்க்காரர்கள் சட்டென்று உணரமாட்டார்கள். இந்தப் பக்கத்தில் கோபத்தையும் மரியாதையோடுதான் சொல்வோம். விசாரணை என்றால் குரல் உயர வேண்டும் என்று சென்னை சினிமா பழக்கியிருக்கிறது. இங்கே உயராது. மில் முதலாளி வீட்டு வராந்தாவில் ஒருவர் உட்கார்ந்து, "காபி நல்லா இருக்குதுங்க. அப்பறம், அன்னைக்கு ராத்திரி நீங்க திருப்பூர்லதான் இருந்தீங்களாட்ட இருக்குது. சரிங்க, நான் வரட்டுங்களா? ஏனுங், கேக்கறதுக்கு மறந்தே போச்சு, அந்தக் கார் மட்டும் எப்படிங்க இங்கயே நின்னுது?" என்று கேட்டால் எதிரே இருப்பவருக்கு வேர்த்துவிடும். பதிலுக்குக் கோபப்படவும் முடியாது, அவ்வளவு மரியாதை. 'சதிலீலாவதி'யில் (1995) இதன் ஒரு கீற்று இருக்கிறது. பாலுமகேந்திரா இயக்கம், கிரேஸி மோகன் வசனம். கமல்ஹாசனும் கோவை சரளாவும் கொங்குத் தமிழ் பேசும் டாக்டரும் மனைவியும். நண்பனின் கள்ள உறவை மூடி மறைக்கிற பொய்கள் ஒவ்வொன்றாகக் கழல்வதுதான் கதை. சரளாவின் பாத்திரம் பழனி, சந்தேகம் வந்ததும் விடாமல் தோண்டுகிற விதம் சுத்தமான துப்பறிதல். பெண்கள்தான் இந்தக் கலையில் தேர்ந்தவர்கள் என்பதை எந்தக் கொங்குக் கணவரும் ஒப்புக்கொள்வார்.

கவுண்டமணியிடம் வேறு ஒரு வகை இருந்தது. 'கரகாட்டக்கார'னில் (1989) ஏ. வீரப்பன் எழுதிய வாழைப்பழக் காட்சியை எல்லோரும் சிரிப்புக்காகத்தான் நினைவு வைத்திருக்கிறோம். கட்டமைப்பைப் பார்த்தால் அது ஒரு குறுக்கு விசாரணை. ஒரு ரூபாய் கொடுக்கப்பட்டது, இரண்டு பழம் வாங்கப்பட்டது, ஒன்று வந்து சேர்ந்தது, இன்னொன்று எங்கே? கடைக்காரரைச் சாட்சியாகக் கூப்பிடுகிறார்கள். சாட்சி உறுதியாகச் சொல்கிறார். ஆனாலும் செந்திலின் ஒரே பதிலுக்கு முன்னால் வழக்கு நிற்கிறது. சட்டப்படி தவறில்லாத, அறிவுப்படி அபத்தமான ஒரு பதிலால் விசாரணை அதிகாரிக்குப் பைத்தியம் பிடிக்கிறது. ஒரு நல்ல சிரிப்புத் துப்பறியும் அத்தியாயத்துக்கு இதைவிடச் சுருக்கமான மாதிரி எனக்குத் தெரியாது. மணிவண்ணன் நிலையோ இன்னும் வேடிக்கை. 1984-ல் 'நூறாவது நாள்', '24 மணி நேரம்', 1986-ல் 'விடிஞ்சா கல்யாணம்' என்று திகில் படங்கள் கொடுத்தவர், பத்து வருஷம் கழித்து 'அமைதிப்படை'யில் அரசியல் நக்கலின் உச்சத்துக்குப் போனார். ஒரே ஆள், இரண்டு தனித்தனி அலமாரி.

இதெல்லாம் சினிமா. தொலைக்காட்சியில் ஏன் நடக்கவில்லை என்பதற்குக் காரணம் பெரும்பாலும் வியாபாரம். தூர்தர்ஷன் காலத்தில் தொடர் என்றால் பதின்மூன்று வாரம். வாரம் ஒரு நாள், அரை மணி நேரம். ஒரு வாரம் ஒரு வழக்கு என்ற கணக்குக்கு அது அளவெடுத்துத் தைத்த சட்டை. சாம்புவும் கரம்சந்தும் அந்தக் காலத்து ஆட்கள். 1993-ல் சன் டிவி வந்த பிறகும் சில ஆண்டுகள் வாரத் தொடர்கள் இருந்தன. இந்திரா சௌந்தர்ராஜன் கதையில் நாகா இயக்கிய 'மர்மதேசம்' அப்போது வாரம் முழுக்க ஊரைப் பேச வைத்தது. 1999 இறுதியில் 'சித்தி' வந்து தினத்தொடரின் பலத்தைக் காட்டியபின் கதை மாறியது. வாரத்துக்கு ஐந்து நாள், வருஷக்கணக்கில். அந்த ஓட்டத்தில் ஒரு வழக்கை இருபத்திரண்டு நிமிஷத்தில் முடிப்பவர் முதலாளிக்கு எதிரி. வழக்கு முடியக்கூடாது. துப்பு கிடைக்கப் போகிற நேரத்தில் விளம்பரம் வர வேண்டும், நாளைக்கும் கிடைக்கக்கூடாது.

இன்னொரு காரணம் இன்னும் அடிப்படையானது. தினத்தொடரை யாரும் பார்ப்பதில்லை, கேட்கிறார்கள். சமையலறையில் குழம்பு கொதிக்கும்போது முன்னறையிலிருந்து வசனம் வந்துகொண்டிருக்கும். அதனால்தான் எல்லோரும் எல்லாவற்றையும் வாய்விட்டு மூன்று தடவை சொல்கிறார்கள். மனசுக்குள் நினைப்பதைக்கூட உரக்க நினைக்கிறார்கள். சோமனூர், பல்லடம் பக்கம் பட்டறையும் வீடும் ஒட்டியிருக்கிற இடங்களில் விசைத்தறிச் சத்தத்தையும் மீறி அது கேட்டாக வேண்டும். இப்படிக் கேட்கிற ஒருவருக்கு மேஜைமேல் சாய்ந்திருக்கும் பேனாவை எப்படிக் காட்டுவது? அமெரிக்காவிலேயே இந்தச் சிக்கல் வந்திருக்கிறது. 1982-ல் லெஸ்லி நீல்சன் நடித்த 'போலீஸ் ஸ்குவாட்' என்ற அபார கேலித் தொடரை ஏபிசி நிறுவனம் ஆறே அத்தியாயத்தில் நிறுத்தியது. அப்போது நிறுவனத்தின் தரப்பில் சொன்ன காரணம், பார்வையாளர் அதைக் கவனித்துப் பார்க்க வேண்டியிருக்கிறது என்பது. அதே ஆட்கள் 1988-ல் அதைச் சினிமாவாக்கினார்கள், 'நேக்கட் கன்' உலகமெல்லாம் ஓடியது. இருட்டு அரங்கில் உட்கார்ந்தால் கவனித்துத்தானே ஆக வேண்டும்.

வாளையாறு தாண்டினால் நிலைமை வேறு. பாலக்காடு இங்கிருந்து ஐம்பது கிலோமீட்டர்தான், மலையாளப் படங்கள் கோவைத் திரையரங்குகளில் எப்போதும் ஓடியிருக்கின்றன. 1987-ல் சத்யன் அந்திக்காடு இயக்கி ஸ்ரீனிவாசன் எழுதிய 'நாடோடிக்காற்று' வந்தது. வேலையில்லாத இரண்டு பேர், தாசன், விஜயன், சந்தர்ப்பவசத்தால் ஒரு கடத்தல் கும்பலைப் பிடித்துப் போலீஸ் வேலையில் சேர்கிறார்கள். அடுத்த ஆண்டே 'பட்டணப்பிரவேசம்', இப்போது அவர்கள் சி.ஐ.டி.க்கள். 1990-ல் 'அக்கரே அக்கரே அக்கரே', விசாரணைக்கு அமெரிக்கா. பிறகு ஜெயராமுக்கு 'சி.ஐ.டி. உண்ணிகிருஷ்ணன்', திலீப்புக்கு 2003-ல் 'சி.ஐ.டி. மூசா'. அங்கே மோகன்லால் மாதிரி முதல்வரிசை நட்சத்திரமே துப்பறியும்போது அசடு வழிந்தார், மரியாதை குறையவில்லை. தமிழ் 'நாடோடிக்காற்'றை 1988-ல் 'கதாநாயகன்' என்று எடுத்தது, எஸ்.வி. சேகரும் பாண்டியராஜனும். அந்த ஜோடி அதோடு நின்றது. வேலையில்லாதவர்களின் கதை நமக்குப் போதுமானதாக இருந்தது, அவர்கள் துப்பறிந்த கதை வேண்டியிருக்கவில்லை. தெலுங்கிலிருந்து 2022-ல் சந்தானம் 'ஏஜென்ட் கண்ணாயிர'த்தைக் கொண்டுவந்தார். மூலப்படத்தின் நவீன் பொலிஷெட்டியிடம் இருந்த தவிப்பு தமிழில் இறங்கவில்லை, படமும் நிற்கவில்லை.

நம் சிரிப்பு யார் பக்கம் போனது என்று பார்த்தால் விடை லேசாகத் தெரிகிறது. திருடன் பக்கம். 1976-ல் கிரேஸி மோகன் எஸ்.வி. சேகர் குழுவுக்கு எழுதி ஊரைச் சிரிக்க வைத்த நாடகம் 'கிரேஸி தீவ்ஸ் இன் பாலவாக்கம்'. 2013-ல் 'சூது கவ்வும்', 2014-ல் 'சதுரங்க வேட்டை'. புத்திசாலித்தனமும் நகைச்சுவையும் ஏமாற்றுபவனிடம், அவனைப் பிடிக்க வருபவரிடம் வெறும் முரட்டுத்தனம். 'சூது கவ்வும்' படத்தின் போலீஸ் அதிகாரி வாயையே திறக்கமாட்டார்.

இதில் கொங்கு நாட்டுக்குத் தனி வருத்தம் உண்டு, ஏனென்றால் நிஜத் துப்பு வேலை இங்கே தினமும் நடக்கிறது. கல்யாணத்துக்கு முன்னால் மாப்பிள்ளை வீட்டை விசாரிக்கப் போகிற மாமாவை நினைத்துப் பாருங்கள். நேரே அந்த வீட்டுக்குப் போகமாட்டார். டீக்கடையில் உட்கார்வார், கோயில் பூசாரியிடம் பேசுவார், மருந்துக்கடையில் ஒரு மாத்திரை வாங்குவார். பத்து ஏக்கர் தோட்டம் என்றார்களே, கிணற்றில் தண்ணி இருக்கிறதா, பேங்கில் அடமானம் இருக்கிறதா, பையன் திருப்பூரில் நிஜமாகவே பனியன் கம்பெனி வைத்திருக்கிறானா, வைத்திருப்பவரிடம் வேலை பார்க்கிறானா? எல்லாம் பொழுது சாய்வதற்குள் கையில் வந்துவிடும். இப்போது இதைக் காசு வாங்கிக்கொண்டு செய்யும் தனியார் ஏஜென்சிகள் வந்துவிட்டன. அவர்களை முறைப்படுத்த 2007-ல் மாநிலங்களவையில் ஒரு மசோதா வந்து, சட்டமாகாமலே போனது. லைசென்ஸ் இல்லாத துப்பறிவாளர், கொலை இல்லாத வழக்கு, பெண் வீட்டார் தரும் காபி. ஒரு தொடருக்கு வேண்டியது அத்தனையும் இருக்கிறது.

குற்றங்களும் இங்கே சிரிப்புக்குப் பஞ்சம் வைப்பதில்லை. 2012-ல் பெருந்துறைப் பக்கம் ஈமு பண்ணைகள் சரிந்தன. பணம் கட்டினால் குஞ்சு தருகிறோம், தீவனம் தருகிறோம், வளர்ப்பதற்கு மாதாமாதம் கூலியும் தருகிறோம் என்றார்கள். நிலத்தை நம்பிக் கணக்குப் பார்க்கிற விவசாயிகள், முட்டை யார் வாங்குவார்கள் என்று கேட்காமல் கட்டினார்கள். கம்பெனிக்காரர்கள் காணாமல் போனபின் ஆயிரக்கணக்கில் பறவைகள் பசியோடு நின்றன, கால்நடைத் துறை தீவனம் போட வேண்டிவந்தது. சாட்சிப் பொருளுக்கே சாப்பாடு போட வேண்டிய வழக்கை எந்தக் கற்பனைக்காரரும் யோசித்திருக்கமாட்டார். பணத்தை இழந்தவர்களின் வேதனை பெரியது, அதைச் சிறுமைப்படுத்தவில்லை. ஆனால் ஆறடி உயரத்தில் கழுத்தை நீட்டிக்கொண்டு நிற்கிற அந்தப் பறவைக்கு முன்னால் நோட்டுப் புத்தகத்தோடு நிற்கும் ஒரு விசாரணைக்காரரை நினைத்தால் எனக்கு அது முதல் அத்தியாயமாகத்தான் தெரிகிறது.

இப்போது இதைச் செய்யக்கூடியவர்கள் கோவையிலேயே இருக்கிறார்கள். 'நக்கலைட்ஸ்' குழு யூடியூபில் கொங்குப் பேச்சையும் வீட்டுச் சண்டையையும் வைத்தே பல வருஷம் ஓட்டியது. அந்தக் குழுவிலிருந்து வந்த ராஜேஷ்வர் காளிசாமி 2025-ல் எடுத்த 'குடும்பஸ்தன்' கோவையில் நடக்கிற கதை. வேலை போனதை வீட்டில் மறைக்கிறான் நாயகன், பொய்க்குமேல் பொய் அடுக்குகிறான், எப்போது யார் கண்டுபிடிப்பார்கள் என்ற பயத்தில்தான் படம் ஓடுகிறது. துப்பறியும் கதையைக் குற்றவாளியின் பக்கத்திலிருந்து சொன்ன மாதிரி. மறுபக்கத்திலிருந்து, அதே அளவுக் குடும்பத்துக்குள், ஒவ்வொன்றும் அரை மணி நேரமாகப் பதின்மூன்று அத்தியாயம் எழுத இவர்களுக்கு எந்தத் தடையும் இல்லை. இணையத் தளங்களுக்கு வருஷக்கணக்கில் இழுக்க வேண்டிய கட்டாயம் கிடையாது. காதில் கருவியை மாட்டிக்கொண்டு கைபேசியில் பார்ப்பவர் சமையலறையிலிருந்து கேட்பவரைவிடக் கவனமாகத்தான் பார்க்கிறார். கதைக்கு வடவள்ளிப் பக்கம் ராஜேஷ்குமார் இருக்கிறார். அவருடைய 1,500 நாவல்களில் ஏதாவது ஒரு டஜனை எடுத்துக்கொண்டு, விவேக்குக்கு ஒரு மாதம் லீவு கொடுத்து, வழக்கை விஷ்ணுவிடம் ஒப்படைத்துப் பார்க்கலாம்.